கலா (இசைத்தொகுப்பு): மேளமும் மேடையும்

கலா, ஈழத்தமிழ்ப் பின்னணி கொண்ட இங்கிலாந்துப் பாடகி எம்.ஐ.ஏ. (மாதங்கி மாயா அருள்பிரகாசம்) 2007 ஆகஸ்டில் வெளியிட்ட இரண்டாவது தனி இசைத்தொகுப்பு. இதில் 12 பாடல்கள் உள்ளன. 2005-ல் வந்த முதல் தொகுப்பான ‘அருளர்’ தந்தையின் பெயரைக் கொண்டது. இது தாயின் பெயரைக் கொண்டது. ராப், நடன இசை, ராக், தமிழ்த் திரையிசை, உருமி மேளம் எல்லாம் ஒன்றோடொன்று மோதும் இத்தொகுப்பை அமெரிக்காவின் ‘ரோலிங் ஸ்டோன்’ இதழ் 2007-ன் சிறந்த தொகுப்பாகத் தேர்ந்தெடுத்தது. தொகுப்பின் தொடக்கப் பாடல்களுக்கு முதுகெலும்பாக இருக்கும் மேள ஒலி சென்னையில் பதிவானது. அந்த மேளம் யாருடையது, தொகுப்பை ஒட்டிய மேடைப் பயணத்தில் அது என்ன ஆயிற்று என்பவை அன்றைய விமர்சனங்களில் அதிகம் எழாத கேள்விகள். ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர் பகுதித் தெருக்களின் காதோடு கேட்டால் அவை உடனே எழுகின்றன.

பின்னணி

மாயா 1975-ல் லண்டனில் பிறந்தார். ஆறு மாதக் குழந்தையாக யாழ்ப்பாணம் கொண்டுசெல்லப்பட்டார். தந்தை அருளர் ஈரோஸ் இயக்கத்தைத் தோற்றுவித்தவர்களில் ஒருவர். ‘லங்கா ராணி’ நாவலின் ஆசிரியர் என்ற முறையில் தமிழ் வாசகர்களுக்கு அறிமுகமானவர். இயக்க வேலைகளால் அவர் வீட்டில் பெரும்பாலும் இல்லை. மூன்று பிள்ளைகளையும் வளர்த்தவர் தாய் கலா. குடும்பம் சில காலம் சென்னையிலும் வறுமையில் வாழ்ந்தது. 1986-ல் அகதிகளாக லண்டன் சேர்ந்தபின் கலா தையல் வேலை செய்து பிள்ளைகளைப் படிக்கவைத்தார்.

முதல் தொகுப்பு வீட்டில் இல்லாத ஓர் ஆணின் அரசியலோடு நடத்திய பேச்சு. இரண்டாவதில் அந்தப் பேச்சு குறைந்து, விசா, கூலி, கள்ளக் கடவுச்சீட்டு, அன்றாடப் பிழைப்பு ஆகியவை முன்னுக்கு வருகின்றன. தாயைப் பற்றிய பாடல் என்று தனியாக எதுவும் இதில் இல்லை. பிழைப்பதற்கான தந்திரங்களே தாயின் இடத்தில் நிற்கின்றன என்று கொள்ளலாம்.

அமெரிக்காவில் டிம்பலாண்டோடு இருந்து தொகுப்பை உருவாக்குவதே முதல் திட்டம். 2006-ல் அமெரிக்க விசா மறுக்கப்பட்டது. அதனால் இந்தியா, டிரினிடாட், லைபீரியா, ஜமைக்கா, ஆஸ்திரேலியா, ஜப்பான் என்று பதிவு அலைந்தது. உலகம் சுற்றிச் சேகரித்த ஒலிகள் என்று இதை ஓர் உல்லாசப் பயணம் போல எழுதிய விமர்சகர்கள் உண்டு. உண்மையில் ஒரு கதவு அடைக்கப்பட்டதால் சுற்றிய சுற்று அது.

சென்னைக்கு அவர் தயாரிப்பாளர் ஸ்விட்சுடன் வந்தார். ஏ.ஆர். ரகுமானைச் சந்தித்தார். கூட்டாக இசையமைப்பது நடக்கவில்லை. ஆனால் ரகுமான் தமக்குத் தெரிந்த கலைஞர்களை அறிமுகப்படுத்தி, கோடம்பாக்கத்தில் உள்ள தம் ஒலிப்பதிவுக் கூடத்தையும் திறந்துவிட்டார். இருபதுக்கும் மேற்பட்ட மேளக்காரர்கள் அங்கே கூடி வாசித்தார்கள்.

மேளம்

உருமி இரண்டு முகம் கொண்ட தோற்கருவி. ஒரு முகத்தை வளைந்த குச்சியால் தேய்க்கும்போது அடிவயிற்றிலிருந்து எழும் உறுமல் போன்ற ஒலி வரும். பெயரே அதனால்தான். மறுமுகம் அடிப்பதற்கு. பம்பையோடும் பிற மேளங்களோடும் சேர்ந்து கோயில் கொடையிலும் சாவு ஊர்வலத்திலும் ஒலிப்பது.

தமிழ்த் திரையிசையில் இத்தகைய மேளம் பெரும்பாலும் ஓர் அடையாள அட்டை. திருவிழா, அடிதடி, சாவு என்று காட்சியை அறிவித்துவிட்டு நான்கு அடிகளில் வயலின்களுக்கு வழிவிட்டு ஒதுங்கிவிடும். ‘கலா’வில் அது ஒதுங்குவதில்லை. ‘பேர்ட் ஃப்ளூ’, ‘பாய்ஸ்’ இரண்டிலும் மேளம்தான் பாட்டு. மற்றவை அதற்கு இடுக்கில் நுழைகின்றன. ‘பேர்ட் ஃப்ளூ’வில் பிடித்துக்கொள்ள மெட்டு என்று ஒன்றும் கிடையாது. அடிகள் ஒன்றன்மேல் ஒன்று சரிய, குழந்தைகளின் கூச்சல் குறுக்கே ஓட, குரல் அவற்றை விரட்டிக்கொண்டு போகிறது. பதிவில் கரகரப்பு துடைக்கப்படவில்லை. ஒலிப்பொறியாளர் தயங்கியிருக்கக்கூடிய அளவுக்கு மேளம் முன்னால் வைக்கப்பட்டிருக்கிறது. இதே பாடலில் ‘ஜெயம்’ (2003) படத்துக்காக ஆர்.பி. பட்நாயக் அமைத்த திருவிழாப் பாட்டின் துண்டு ஒன்றும் வருகிறது. முதல் பாடலான ‘பேம்பூ பாங்கா’வில் ‘தளபதி’ (1991) படத்தின் ‘காட்டுக்குயிலு’ பாட்டிலிருந்து இளையராஜாவின் தாளம் எடுக்கப்பட்டு, ஜொனாதன் ரிச்மனின் பழைய ராக் பாட்டு ஒன்றின் சாயலோடு கட்டப்பட்டிருக்கிறது. பாஸ்டன் நெடுஞ்சாலையும் பொங்கல் கொண்டாட்டமும் ஒரே வேகத்தில் ஓடும் என்று கண்டுபிடித்தது மாயாவின் காது. இந்தத் தொகுப்பில் அவருடைய மேதைமை மிகத் தெளிவாக வெளிப்படும் இடம் இதுதான்.

எல்லாப் பாடல்களும் இந்த உயரத்தில் இல்லை. ‘ஜிம்மி’, பப்பி லஹிரி ‘டிஸ்கோ டான்சர்’ (1982) படத்துக்குப் போட்ட பாட்டின் மறுபதிப்பு, இனிமையானது, அவ்வளவுதான். கடைசிப் பாடலான ‘கம் அரவுண்ட்’ டிம்பலாண்டின் பட்டறையில் செய்து கொண்டுவந்து ஒட்டியது போல இருக்கிறது.

‘பேப்பர் பிளேன்ஸ்’ தனியாகப் பேசவேண்டியது. லண்டன் ராக் குழுவான தி கிளாஷ் 1982-ல் வெளியிட்ட ‘ஸ்ட்ரெயிட் டு ஹெல்’ பாட்டின் கிட்டார் இதன் அடித்தளம். குடியேறிகளையும் கைவிடப்பட்டவர்களையும் பற்றிய அந்தப் பாட்டிலிருந்து எடுத்தது பொருத்தமான கடன். பல்லவியில் துப்பாக்கிச் சத்தமும் கல்லாப்பெட்டியின் மணியும் வருகின்றன. அமெரிக்கத் தொலைக்காட்சி அந்தச் சத்தத்தை மங்கவைத்தே ஒளிபரப்பியது. 2008-ல் பில்போர்டு நூறில் 4-ஆம் இடம்வரை ஏறியது, ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ படத்திலும் இடம்பெற்றது. இத்தொகுப்பில் உலகம் முழுக்கத் தெரிந்த பாட்டு இது ஒன்றுதான். சென்னையில் பதிவான மேளம் இதில் இல்லை.

தெருவின் காதில்

மேற்கத்திய விமர்சகர்கள் ‘பேர்ட் ஃப்ளூ’வை இன்னும் வராத ஒரு காலத்தின் ஒலியாகக் கேட்டார்கள். காசிமேட்டிலோ திருவொற்றியூர்க் குப்பங்களிலோ வளர்ந்த ஒருவருக்கு அது மிகப் பழகிய ஒலி. பக்கத்துத் தெருவில் யாரோ போய்விட்டார்கள், அல்லது ஆடி மாதம் அம்மனுக்குக் கூழ் ஊற்றுகிறார்கள். வடசென்னையின் சாவு ஊர்வலத்தில் சட்டியும் பறையும் முன்னே போகும். பூ இறைபடும், வெடி வெடிக்கும், பையன்கள் ஆடிக்கொண்டு போவார்கள். இரவு முழுக்கச் சாவு வீட்டில் கானா ஓடும். அந்த மேளத்துக்கு ஒரு வேலை உண்டு. பிணம் எடுக்கும் நேரத்தைத் தெருவுக்குச் சொல்வதும், அழுகையைச் சற்று நேரம் மறைப்பதும், துக்கத்தை உடம்பு வழியாக வெளியேற்றுவதும் அதன் வேலை. அதை அடிப்பவர்கள் மீது சாதி சுமத்திய இழிவும் அந்தத் தோலோடு ஒட்டியிருக்கிறது. யாழ்ப்பாணத்திலும் பறைக்கு அதே கதைதான்.

வீட்டு வாசலில் நிறுத்திவைக்கப்பட்ட ஒலியை லண்டன், நியூயார்க் நடன அரங்குகளின் நடுவில் கொண்டுபோய் வைத்தது ‘கலா’ செய்த பெரிய காரியம். நாகரிகப்படுத்தாமல், மெருகேற்றாமல் அப்படியே வைத்தது அதைவிடப் பெரியது. ஆனால் தொகுப்பு முழுக்க எல்லைகள், ஆயுதங்கள், கூலிகள் பற்றிப் பேசும் பாடகி, இந்த மேளத்தின் மீதிருக்கும் சாதியைப் பற்றி ஒரு சொல்லும் பேசவில்லை. லைபீரியப் பயணத்தின் பாதிப்பில் பிறந்த ‘ட்வென்டி டாலர்’ ஆப்பிரிக்காவில் துப்பாக்கி என்ன விலைக்குக் கிடைக்கிறது என்று சொல்கிறது. கோடம்பாக்கத்தில் மேளம் அடித்தவர்கள் எந்தத் தெருவிலிருந்து வந்தார்கள் என்பதைத் தொகுப்பைக் கேட்டு அறிய வழியில்லை. ஆஸ்திரேலியப் பழங்குடிச் சிறுவர்களான வில்கேனியா மாப் குழுவும், நைஜீரியப் பின்னணி கொண்ட ஆஃப்ரிகன் பாய் என்ற ராப்பரும் பெயரோடும் குரலோடும் தனித்தனிப் பாடல்களில் வருகிறார்கள். சென்னை மேளக்காரர்கள் ஒலியாக மட்டும் வருகிறார்கள்.

மேடைப் பயணம்

தொகுப்பை ஒட்டி 2007-ல் கலா பயணமும், 2008-ல் ‘பீப்பிள் வெர்சஸ் மனி’ என்ற பயணமும் நடந்தன. முக்கியமாக வட அமெரிக்க, ஐரோப்பிய அரங்குகளும் திறந்தவெளி விழாக்களும். கண்ணைப் பறிக்கும் நிறங்களில் உடை, பின்திரையில் சிதறும் படங்கள், பாட்டின் நடுவே பார்வையாளர்களை மேடைமேல் ஏறச்சொல்லி அழைப்பது ஆகியவை இந்நிகழ்ச்சிகளின் முத்திரைகள். 2008 ஜூனில் பொன்னரூ விழாவில் இதுவே தன் கடைசி நிகழ்ச்சி என்று மாயா அறிவித்தார். ஐரோப்பியப் பகுதி கைவிடப்பட்டது. (கடைசி என்பது நிலைக்கவில்லை. 2009 பிப்ரவரியில் கிராமி மேடையில் நிறைமாதக் கர்ப்பிணியாகப் பாடினார்.)

மேடையில் பாடகியோடு ஒரு டிஜேயும் துணைக்குரலும் ஆட்டக்காரர்களும் இருந்தார்கள். மேளம் கருவிப்பெட்டியிலிருந்து வந்தது. இருபது மேளக்காரர்களை நாடு நாடாக அழைத்துப்போவதன் செலவு எளிதில் ஊகிக்கக்கூடியது. பாடகிக்கே கிடைக்காமல் போன விசா அவர்களுக்கு எளிதில் கிடைத்திருக்குமா என்பதும் நியாயமான கேள்வி. ஆனாலும் விளைவு விளைவுதான். தெருவில் மேளக்காரன் ஆடுபவனின் காலைப் பார்த்து அடியை முடுக்குவான், தளர்த்துவான். பதிவான மேளம் யாரையும் பார்ப்பதில்லை. மேடையில் ஏறிய ரசிகர்கள் ஆடினார்கள். அவர்களுக்காக வேகத்தை மாற்ற அங்கே ஆள் இல்லை. தொகுப்பில் உயிராக இருந்த ஒன்று பயணத்தில் ஒரு கோப்பாகிப் போனது. மாயாவின் உடல்வேகம் அந்த வெற்றிடத்தைப் பெருமளவு மறைத்தது என்பதையும் சொல்லவேண்டும்.

சென்னையிலிருந்து வந்த மறுமொழிகள்

பத்தாண்டுகள் கழித்து இதே சிக்கல் சென்னையில் வேறு வடிவங்களில் வந்தது. 2017 ஜனவரியில் டி.எம். கிருஷ்ணா பாடி வெளிவந்த ‘சென்னை புறம்போக்குப் பாடல்’ எண்ணூர்க் கழிமுகத்தின் சாம்பலையும் ஆக்கிரமிப்பையும் பேசியது. கபேர் வாசுகியின் சொற்கள் சென்னைத் தெருவின் சொற்கள். இசையோ கர்நாடக ராகமாலிகை. ‘கலா’ மேளத்தை எடுத்துக்கொண்டு ஊர்ப்பெயரை விட்டுவிட்டது. புறம்போக்குப் பாடல் ஊரைக் காட்டியது, ஒலியைக் கச்சேரி மேடையிலிருந்து கொண்டுபோனது.

ஊரும் ஒலியும் ஆளும் ஒன்றாக ஏறிய மேடை 2018 ஜனவரி 6 அன்று கீழ்ப்பாக்கத்தில் அமைந்தது. இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் தென்மாவும் சேர்ந்து உருவாக்கிய தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் குழுவின் முதல் நிகழ்ச்சி அது. ‘சாதிபேதமற்ற தமிழர்’ என்ற அயோத்திதாசரின் சொல்லாட்சியிலிருந்து பெயர். 19 பேர், ஒரேமாதிரி கோட்டு சூட்டு. கிட்டாரும் ராக் டிரம்சும் ஒரு பக்கம்; சட்டி, கட்ட மோளம், பறை, டோலக் மறுபக்கம். கானா முத்து, பாலச்சந்தர், அறிவு, ராயபுரத்தைச் சேர்ந்த இசைவாணி ஆகியோர் பாடினார்கள். ஆண்களின் கோட்டையான கானாவில் பெண்குரலாக நின்ற இசைவாணியை 2020-ல் பிபிசி தன் நூறு பெண்கள் பட்டியலில் சேர்த்தது.

இந்த மேடையில் சட்டி பின்னணி அல்ல. ராக் டிரம்ஸ் வாசிப்பவர் சட்டிக்காரரின் கையைப் பார்த்தே போகவேண்டியிருக்கிறது. பாடகர் அடியின் கடைசிச் சொல்லை இழுக்கிறார், கூட்டம் அதை முடித்துவைக்கிறது, மேளம் அதற்கேற்ப வளைகிறது. எம்.ஐ.ஏ.வின் பயணத்தில் இல்லாமல்போனது இதுதான்.

ஆனால் அதே ஆண்டு வந்த இக்குழுவின் ‘மகிழ்ச்சி’ தொகுப்பு அந்த மேடையின் அருகில் வரவில்லை. கானாவின் இழுவையும் தயக்கமும் சீரான தாளக்கட்டுக்குள் நேராக்கப்பட்டுவிட்டன. பல்லவிகள் முழக்கங்களாகக் கெட்டிப்பட்டிருக்கின்றன. கூட்டம் முடித்துவைக்கவேண்டிய சொல்லைக் கோரஸ் முடித்துவைக்கிறது. ‘பேர்ட் ஃப்ளூ’வில் மேளத்துக்குக் கிடைத்த முரட்டு இடம் ‘மகிழ்ச்சி’யில் கிடைக்கவில்லை. ஒலிப்பதிவுக் கூடத்தில் மேளத்தை என்ன செய்வது என்பதில் இன்றும் ‘கலா’விடம் கற்க நிறைய இருக்கிறது.

பெயர் பற்றிய வழக்கும் முடிந்துவிடவில்லை. இக்குழுவிலிருந்து வளர்ந்த அறிவு, இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்த தன் பாட்டி வள்ளியம்மாளின் நினைவிலிருந்து எழுதி, தீயோடு சேர்ந்து பாடிய ‘எஞ்சாயி எஞ்சாமி’ 2021 மார்ச்சில் வெளியாகி உலகெங்கும் பரவியது. அவ்வாண்டு ஆகஸ்டில், 2007-ல் ‘கலா’வைக் கொண்டாடிய இதழின் இந்தியப் பதிப்பான ‘ரோலிங் ஸ்டோன் இந்தியா’ இப்பாடலை முன்னிட்டு அட்டைப்படம் வெளியிட்டது. அட்டையில் தீயும் ஷான் வின்சென்ட் டி பாலும் இருந்தார்கள். அறிவு இல்லை. ரஞ்சித் வெளிப்படையாகக் கண்டித்தார், இணையத்தில் எதிர்ப்பு எழுந்தது. பிறகு இதழ் அறிவுக்கென்று தனியாக ஓர் இணைய அட்டையை வெளியிட்டது.