கையொப்பம் இல்லாத அப்டேட்: மோட் செய்த ஸ்விட்ச்சில் ஒரு சோதனை

2017-இல் வந்த முதல் நிண்டெண்டோ ஸ்விட்ச்சின் டெக்ரா எக்ஸ்1 சிப்பில் ஓர் ஓட்டை உண்டு. ஃப்யூசே ஜெலே என்ற பெயரில் 2018 ஏப்ரலில் அது அம்பலமானது. சிப்பிலேயே நிரந்தரமாகப் பதிந்த தொடக்க நிரலான பூட்ரோமில் இருப்பதால், ஏற்கெனவே விற்றுப்போன கருவிகளில் அதை எந்த அப்டேட்டாலும் அடைக்க முடியாது. அந்த ஓட்டை வழியாக, அட்மாஸ்ஃபியர் என்ற அதிகாரபூர்வமற்ற ஃபர்ம்வேர் ஓடும் பழைய ஸ்விட்ச் ஒன்றில், காசு கொடுத்து வாங்கிய கேமுக்கு வெளியிலிருந்து வந்த அப்டேட்டை ஏற்றிப் பார்த்தேன்.

ஏற்றுவது எளிது, பயமே அங்கேதான். சாதாரண ஸ்விட்ச், நிண்டெண்டோவின் டிஜிட்டல் கையொப்பம் சரியாக இல்லாத கோப்பை உள்ளே விடாது. திருத்தப்பட்ட கோப்பை ஏற்க அந்தச் சோதனையையே முடக்க வேண்டும். வாட்ச்மேனை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, வருகிறவர்கள் எல்லாம் உறவினர்கள் என்று நம்புவது போலத்தான்.

நான் ஏற்றிய அப்டேட், கருவியில் இருந்ததைவிடப் புதிய ஃபர்ம்வேர் கேட்டது. இன்ஸ்டாலரோ, ‘அதைப் பொருட்படுத்த வேண்டாம்’ என்ற வசதியையும் தாராளமாகத் தருகிறது. தேர்ந்தெடுத்தேன். ஐகான் வந்தது, கேம் திறக்கவில்லை. சரி, ஃபர்ம்வேரைப் புதுப்பிக்கலாம் என்றால், அதற்கேற்ற அட்மாஸ்ஃபியர் வரும்வரை மோட் வேலை செய்யாமல் போகலாம். சேவ் கோப்பிலும் கண்ணி உண்டு: புதிய பதிப்பில் சேமித்ததைப் பழைய பதிப்பு பல கேம்களில் திறக்காது.

இதெல்லாம் சில்லறைத் தொல்லை. வேண்டுமென்றே கருவியைக் கொல்லும் கோப்புகளும் உண்டு. 2005 அக்டோபரில், பிஎஸ்பி என்ற கையடக்க கேம் கருவியைப் பழைய ஃபர்ம்வேருக்கு மாற்றித் தருவதாகச் சொல்லிக்கொண்டு வந்த ட்ரோஜன், சிஸ்டம் கோப்புகளை அழித்துக் கருவியைச் செங்கல்லாக்கியது. அதே மாதம் நிண்டெண்டோ டிஎஸ்ஸுக்கும் ஒன்று வந்தது. ஸ்விட்ச்சில் அஞ்ச வேண்டிய இடம் உள் நினைவகத்தின் ப்ராட்இன்ஃபோ பகுதி. அதிலிருக்கும், கருவியை அடையாளம் காட்டும் சான்றிதழ் ஒவ்வொரு கருவிக்கும் தனி. அழிந்தால் நண்பரின் ஸ்விட்ச்சிலிருந்து கடன் வாங்க முடியாது. மோட் செய்ததற்காக நிண்டெண்டோ ஆன்லைனில் தடை விதித்தாலும் அது கருவியின் மீதே விழும். ஃபேக்டரி ரீசெட் உதவாது.

எமுஎம்எம்சி ஓரளவு காப்பாற்றுகிறது. உள் நினைவகத்தின் நகலை எஸ்டி கார்டில் வைத்து ஓட்டுவதால், கெட்டால் பெரும்பாலும் அந்த நகலோடு போகும். ஆனால் அதுவும் முழுக் கவசமல்ல: கெட்ட எண்ணத்தோடு எழுதிய நிரல் உண்மையான நினைவகத்தையும் தொட முடியும்.

என் தீர்ப்பு: அப்டேட்டை அதிகாரபூர்வ கடையிலிருந்தே எடுங்கள். மோட் செய்தே தீருவேன் என்பவர்கள் முதலில் உள் நினைவகத்தின் முழு நகலை (நேண்ட் பேக்கப்) எடுத்துக் கணினியில் வையுங்கள். ஆன்லைனில் ஆடும் ஆசை இருந்தால், அதற்கு மோட் செய்யாத இன்னொரு ஸ்விட்ச்சை வைத்துக்கொள்ளுங்கள்.