வரலாறு வழங்கும் மன்னிப்பு: பிடல் காஸ்ட்ரோவின் மூன்று வாக்குகள்

அரசியல் தலைவர்கள் ஆற்றும் உரைகளில் பெரும்பகுதி மேடையோடு முடிந்துவிடுகிறது. ஒன்றிரண்டு வாக்கியங்கள் மட்டுமே பேசியவரை விட்டுப் பிரிந்து, நாடு கடந்தும் காலம் கடந்தும் உலவத் தொடங்குகின்றன. கியூபாவின் பிடல் காஸ்ட்ரோ (1926–2016) 1960 செப்டம்பரில் ஐக்கிய நாடுகள் பொதுப்பேரவையில் ஏறத்தாழ நான்கரை மணி நேரம் பேசினார். அவ்வுரையின் சொற்களை இன்று நினைவுகூர்வார் அரியர். ஆனால் அவருடைய குறுந்தொடர்கள் மூன்றினை, அவரை விடுதலை வீரர் எனப் போற்றுவோரும் கொடுங்கோலர் எனத் தூற்றுவோரும் ஒருங்கே எடுத்தாளுகின்றனர்.

அவரது ஆட்சியின் நன்மை தீமைகளை முழுவதுமாக எடைபோடுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. 1961-இல் நடைபெற்ற எழுத்தறிவு இயக்கமும் ஏழைகளை எட்டிய மருத்துவமும் ஒரு தட்டில் உள்ளன. சிறைகளும் நாடுகடத்தல்களும் மறு தட்டில் உள்ளன. நாம் காண விழைவது அவருடைய சொல்லாட்சியை. ஹவானாவில் இயேசு சபையினர் நடத்திய பெலன் பள்ளியில் பயின்று 1945-இல் வெளிவந்தவர் அவர். பெலன் என்பது பெத்லகேம் என்னும் பெயரின் ஸ்பானிய வடிவம். பின்னாளில் அவர் நம்பிக்கையைக் கைவிட்டபோதும், நம்பிக்கையின் சொற்கள் அவர் நாவில் தங்கியிருந்தன. எனவே அவருடைய வாக்குகளைக் கூர்ந்து கேட்க, கத்தோலிக்க வாசகராகிய நமக்குத் தனிப்பட்ட காரணம் உண்டு.

முதல் வாக்கு

1953 ஜூலை 26 அன்று சாந்தியாகோ நகரின் மொன்காடா படைமுகாமைக் காஸ்ட்ரோவும் அவர் தோழர்களும் தாக்கினர். 1952-இல் படைபலத்தால் ஆட்சியைப் பறித்த பாதிஸ்தாவை வீழ்த்துவதே அவர்கள் நோக்கம். தாக்குதல் தோல்வியுற்றது. பிடிபட்டோர் பலர் காவலிலேயே கொல்லப்பட்டனர். அந்நகரின் பேராயர் என்ரிக்கே பெரெஸ் செராந்தெஸ் தலையிட்டு, எஞ்சியோரின் உயிரைக் காக்குமாறு வேண்டினார். அக்டோபர் 16 அன்று மருத்துவமனை ஒன்றின் சிற்றறையில் விசாரணை நடந்தது. வழக்கறிஞரான காஸ்ட்ரோ தமக்காகத் தாமே வாதாடினார். கொடுங்கோலனை எதிர்க்கும் உரிமைக்குப் புனித தாமஸ் அக்குவினாசையும் சான்றாக அழைத்தார். தாம் தண்டிக்கப்படுவது பொருட்டன்று என்றும், வரலாறு தம்மை விடுவிக்கும் என்றும் கூறி முடித்தார். பதினைந்து ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது. இன்று நாம் வாசிப்பது, சிறையிலிருந்தவாறே அவர் மீண்டும் எழுதி, மறைவாக வெளியே அனுப்பி, 1954-இல் அச்சேறிய வடிவமாகும்.

இவ்வாக்கின் ஆற்றல் எங்குள்ளது? கூண்டில் நிற்பவர், தம்மை விசாரிக்கும் நீதிபதிக்கு மேலே மற்றொரு நீதிபதியை அமர்த்திவிடுகிறார். அந்நொடியே தீர்ப்பளிப்பவர்கள் தீர்ப்புக்கு உள்ளாகின்றனர். மேலும், ஸ்பானிய மூலத்தில் அவர் ஆண்ட வினைச்சொல் இருபொருள் கொண்டது. குற்றமற்றவர் என நீதிமன்றம் விடுவிப்பதையும் அது குறிக்கும். ஒப்புரவு அருள்சாதனத்தில் குருவானவர் பாவமன்னிப்பு வழங்குவதையும் அதுவே குறிக்கும். தமிழில் இத்தொடர் பெரும்பாலும் ‘வரலாறு என்னை விடுதலை செய்யும்’ என்றே வழங்குகிறது. அதில் சிறைக்கதவு திறக்கும் ஓசை கேட்கிறது. பாவசங்கீர்த்தனத் தொட்டியின் நிழல் விழவில்லை.

அந்தச் சிற்றறையில் அவ்வாக்கு நேர்மையானது என்றே நாம் கருதுகிறோம். சொன்னவர் கையில் அதிகாரம் இல்லை. சொல்லுக்குரிய விலையைத் தாமே கொடுக்க நின்றார். ஆனால் 1959-இல் அவர் ஆட்சிக்கு வந்தபின், அதே வாக்கு வேறு பொருள் கொள்கிறது. அவ்வாண்டு, பொதுவுடைமையரின் செல்வாக்கு வளர்வதை எதிர்த்துப் பதவி விலகிய தோழர் ஊபர் மாதோஸ் மீது வழக்குத் தொடரப்பட்டது. டிசம்பரில் நடந்த விசாரணையில் காஸ்ட்ரோவே நேரில் தோன்றி அவருக்கெதிராக நெடுநேரம் பேசினார். மாதோசுக்கு இருபது ஆண்டுச் சிறை. பாதிஸ்தா வழங்கிய பொதுமன்னிப்பில் காஸ்ட்ரோ இரண்டு ஆண்டுகள் நிறையுமுன்னரே, 1955-இல் வெளிவந்திருந்தார். மாதோஸோ 1979 வரை முழுத் தண்டனையையும் அனுபவித்தார்.

வரலாறு என்னும் நீதிபதியிடம் ஆள்வோருக்கு ஒரு வசதி உண்டு: அவர் என்றும் நாளைதான் இருக்கையில் அமர்வார். நம் மறையும் இறுதித் தீர்வையைப் பற்றிப் பேசுகிறது. ஆயினும் மத்தேயு நற்செய்தியின் 25-ஆம் அதிகாரத்தில் வரும் நடுவர், பசித்திருந்தவரையும் சிறையில் இருந்தவரையும் பற்றியே கணக்குக் கேட்கிறார். மன்னிப்புக்கு முன் ஆன்ம சோதனையும் மனத்துயரும் பாவ அறிக்கையும் வேண்டும் என்று சிறுவயதிலேயே நாம் மறைக்கல்வியில் கற்றோம். காஸ்ட்ரோவின் தொடரில் இவற்றுக்கு இடமில்லை. மன்னிப்பு மட்டும் முன்கூட்டியே உறுதிசெய்யப்படுகிறது.

இரண்டாம் வாக்கு

1961 ஜூன் மாதத்தில் ஹவானாவின் தேசிய நூலகத்தில் எழுத்தாளர்களும் கலைஞர்களும் அரசுத் தலைவர்களைச் சந்தித்தனர். நகரின் இரவு வாழ்வைக் காட்டிய குறும்படம் ஒன்று தடைசெய்யப்பட்டதால் எழுந்த அச்சமே அச்சந்திப்புக்குக் காரணம். இறுதியில் பேசிய காஸ்ட்ரோ, புரட்சிக்கு உள்ளே எல்லாம் உண்டு, புரட்சிக்கு எதிராக எதுவும் இல்லை என்னும் பொருள்படச் சொன்ன தொடர் புகழ்பெற்றது.

இத்தொடரைச் சற்று நின்று நோக்குவோம். ‘உள்ளே’ என்பதற்கு எதிர்ச்சொல் ‘வெளியே’ என்பதாகும். அவரோ ‘எதிராக’ என்றார். அப்படியானால் உள்ளேயும் இராமல், எதிராகவும் நில்லாமல், வெளியே நிற்பவர் யாது செய்வது? உரை முழுவதையும் வாசிப்போர் இக்கேள்விக்கு விடை காண்பர். கத்தோலிக்க எழுத்தாளர் ஒருவர் எழுப்பிய ஐயத்தை எடுத்துக்கொண்டு, புரட்சியாளராய் இல்லாத நேர்மையாளருக்கும் இடம் வேண்டும் என்றே காஸ்ட்ரோ பேசினார். ஆனால் உரை உலவவில்லை, தொடரே உலவியது. தொடரில் அந்த நடுவிடம் இல்லை. எது உள்ளே, எது எதிரானது என்று வரையறுப்பவர் யார் என்பதும் தொடரில் இல்லை.

அவ்வாண்டே கத்தோலிக்கப் பள்ளிகள் அரசுடைமையாயின. செப்டம்பரில் குருக்கள் 131 பேர் ஒரே கப்பலில் நாடுகடத்தப்பட்டனர். 1965 முதல் 1968 வரை இயங்கிய உழைப்பு முகாம்களில் அடைக்கப்பட்டோருள் ஓர் இளங்குருவும் இருந்தார். அவரே பின்னாளில் ஹவானாவின் பேராயரும் கர்தினாலுமான ஹைமே ஒர்த்தேகா. 1971-இல் கவிஞர் எபெர்தோ பதியா சிறைபிடிக்கப்பட்டு, விடுவிக்கப்பட்டபின் எழுத்தாளர் சங்கத்தில் தம் ‘குற்றங்களை’த் தாமே பட்டியலிட்டார். அறிக்கையின்றி மன்னிப்பை எதிர்பார்த்தவரின் ஆட்சியில், மன்னிப்பற்ற அறிக்கை ஒரு கவிஞரிடமிருந்து கறந்தெடுக்கப்பட்டது. இதனினும் கசப்பான முரண் வேறில்லை.

மாற்கு நற்செய்தியின் 9-ஆம் அதிகாரத்தில், தங்களைச் சேராத ஒருவர் இயேசுவின் பெயரால் பேய் ஓட்டுவதைச் சீடர்கள் தடுக்கின்றனர். தடுக்க வேண்டாம் என்கிறார் ஆண்டவர். வெளியே நிற்பவரெல்லாம் எதிரி அல்லர் என்னும் அந்தப் பாடத்தைத் திருச்சபையின் மக்களும் மீண்டும் மீண்டும் கற்கவேண்டியவர்களே.

மூன்றாம் வாக்கு

1960 மார்ச் 4 அன்று ஹவானா துறைமுகத்தில் படைக்கலம் ஏற்றி வந்த ‘லா கூப்ரே’ என்னும் கப்பல் வெடித்துப் பலர் மாண்டனர். மறுநாள் இறந்தோர் அடக்கத்தின்போது காஸ்ட்ரோ முழங்கிய சொற்கள் இவை: ‘தாயகம் அல்லது சாவு’. துயருற்ற கூட்டத்துக்கு அது துணிவூட்டியது என்பதில் ஐயமில்லை. அண்டையில் அமெரிக்க வல்லரசின் அச்சுறுத்தல் மெய்யாகவே இருந்தது. ஆனால் இடுகாட்டில் பிறந்த அத்தொடர், பின்னர் அவர் உரைகளின் வழக்கமான முடிப்பாயிற்று. நெருக்கடி நாளின் சொல் அன்றாடச் சொல்லாகும்போது, அன்றாடமும் நெருக்கடியாகவே ஆளப்படுகிறது. ‘அல்லது’ என்னும் சொல் இரண்டே கதவுகளைக் காட்டுகிறது. உழைத்து, பேசி, மாறுபட்டு, இணங்கி வாழும் வாழ்வுக்கு அதில் கதவு இல்லை. அறுபது ஆண்டுகளுக்குப் பின், 2021 பிப்ரவரியில் கியூபக் கலைஞர்கள் சிலர் வெளியிட்ட பாடலின் தலைப்பு ‘தாயகமும் வாழ்வும்’ என்பதாகும். அவ்வாண்டு ஜூலை 11 அன்று தெருவில் இறங்கிய மக்கள் அதையே முழக்கமாக்கினர்.

அவ்வாக்குகளுக்கு மேடையிலிருந்தே விடை கூறியவர்களும் உண்டு. 1998 ஜனவரி 24 அன்று, அதே சாந்தியாகோ நகரில், திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலும் காஸ்ட்ரோவின் தம்பி ராவுலும் கேட்டிருக்க, பேராயர் பெத்ரோ மெயூரிஸ் பேசினார். தாயகத்தை ஒரு கட்சியோடும், நாட்டை அண்மைப் பதிற்றாண்டுகளின் நிகழ்வுகளோடும், பண்பாட்டை ஒரு கருத்தியலோடும் குழப்பிக்கொண்ட கியூபர் பெருகிவருவதை எடுத்துரைத்தார். 1953-இல் காஸ்ட்ரோவின் தோழர்களுக்காக மன்றாடிய பேராயரின் வழித்தோன்றல் அவர். அவர் முழக்கம் எதையும் உருவாக்கவில்லை. ஒன்றாகப் பிணைக்கப்பட்ட சொற்களைப் பிரித்துக் காட்டினார். திருத்தந்தையும் அப்பயணத்தில், கியூபாவுக்கு வெளியிலிருந்து விதிக்கப்பட்ட பொருளாதாரத் தடைகள் அநீதியானவை என்று கூறத் தயங்கவில்லை. இரு பக்கமும் உண்மையைச் சொல்லும் பேச்சு சுவரொட்டிக்கு உதவாது, மனச்சான்றுக்கு உதவும்.

காஸ்ட்ரோவிடமிருந்து இன்னொரு வாக்கும் உண்டு. 2005 நவம்பர் 17 அன்று ஹவானா பல்கலைக்கழகத்தில் பேசியபோது, இப்புரட்சியைப் பகைவர்களால் அழிக்க இயலாது, நாமே அழிக்கக்கூடும், அப்படி நேர்ந்தால் பிழை நம்முடையதே என்று கூறினார். நாம் அறிந்தவரை, அவர் வாயிலிருந்து பிறந்தவற்றுள் பாவ அறிக்கைக்கு மிக நெருங்கிய சொல் இதுவே. எனினும் இது முதல் வாக்கைப்போல் சட்டைகளிலும் சுவர்களிலும் ஏறவில்லை. குற்றமற்றவர் என்று நம்மை உயர்த்தும் வாக்கியத்தை மனம் விரைந்து பற்றிக்கொள்கிறது. நம் பிழையைச் சுட்டும் வாக்கியத்தை எளிதில் நழுவவிடுகிறது.

எனவே புகழ்பெற்ற வாக்கு ஒன்று நம் செவியில் விழும்போதெல்லாம், அது எவ்வளவு அழகியது என்று வியப்பதோடு நில்லாமல், அது பேசுபவரிடம் என்ன கேட்கிறது, யாரை வெளியே நிறுத்துகிறது, யாருடைய தீர்ப்புக்குத் தலைவணங்குகிறது என்று வினவிப் பார்ப்போமாக. அது பாராளுமன்றத்தில் பிறந்ததாயினும் நம் பங்கு மேடையில் பிறந்ததாயினும், வினா ஒன்றே.