முன்கூட்டியே தெரிந்த புதையல்

"கேமைச் செஞ்சவங்களே லொகேட் கட்டளை கொடுத்திருக்காங்களே சித்தப்பா, அப்புறம் சீட் மேப் பார்த்தா மட்டும் என்ன தப்பு?" கோடை விடுமுறைக்கு ஏற்காடு வந்திருந்த அண்ணன் மகன் கேட்டது இது. மைன்கிராஃப்ட் ஆடுகிறவர்களிடம் இந்த நியாயம் இப்போது எங்கும் கேட்கிறது. உலகத்தை உருவாக்கும் சீட் எண்ணைச் சங்க்பேஸ் போன்ற தளத்தில் இட்டால் கிராமம், பாலைவனக் கோயில், ஸ்ட்ராங்ஹோல்ட், ஏன்ஷியன்ட் சிட்டி எல்லாம் சீட் மேப் என்ற வரைபடத்தில் புள்ளி புள்ளியாக வந்து விழுகின்றன. இடத்தின் எண்ணைக் குறித்துக்கொண்டு நேரே நடந்தால் போதும். யூடியூப்பில் "இந்த சீட்ல இறங்கின இடத்திலேயே மேன்ஷன்" என்று அறிவிக்கும் காணொளிகளுக்குக் குறைவே இல்லை. இதைத் திறமை என்று கொண்டாடுவதை நான் ஏற்கவில்லை. பல காலமாகவே ஏற்கவில்லை.

வரைபடத்தின் பக்கம் இருக்கும் நியாயங்களைச் சொல்லிவிடுகிறேன். வேலைக்குப் போய்விட்டு ஞாயிற்றுக்கிழமை ஒரு மணி நேரம் ஆடுகிறவருக்குத் திசை தெரியாமல் கடல் கடலாக அலைய நேரமில்லை. கட்டடம் கட்டுவதற்காகவே ஆடுகிறவருக்கு மேன்ஷன் எங்கே என்பது ஒரு தகவல், அவ்வளவுதான். பலர் சேர்ந்து ஆடும் சர்வரை நடத்துகிறவர் உலகத்தைத் திறந்துவிடும் முன் அதில் என்ன இருக்கிறது என்று பார்த்துக்கொள்வது அவருடைய கடமை. 2020இல் மைன்கிராஃப்ட் அட் ஹோம் என்ற தன்னார்வலர் குழு, விளையாட்டின் பழைய முகப்புத் திரையில் சுழலும் நிலக்காட்சி எந்த சீட் எண்ணுக்குரியது என்று பல கணினிகளை இணைத்துக் கண்டறிந்தது. அவர்கள் படத்திலிருந்து எண்ணுக்குப் போனார்கள், தடயத்திலிருந்து விடைக்கு. அதை மனமாரப் பாராட்டுகிறேன். இப்போது நடப்பது அதற்கு நேர் எதிர்.

கட்டடம் எங்கே என்று சொல்லும் லொகேட் கட்டளை பற்றிய வாதத்துக்கு விடை விளையாட்டுக்குள்ளேயே இருக்கிறது. அந்தக் கட்டளை வேலை செய்ய, சீட் எண் போலச் சும்மா கிடைக்காத ஓர் அனுமதி வேண்டும். நம் பிள்ளைகள் போனில் ஆடும் பெட்ராக் பதிப்பில் சீட்ஸ் (cheats), அதாவது ஏமாற்று வழி என்று பெயர் வைத்துத்தான் அதை விளையாட்டைச் செய்த மோஜாங் நிறுவனம் தருகிறது. அங்கே அதை ஒருமுறை இயக்கிவிட்டால் அந்த உலகத்தில் இனிச் சாதனைப் பட்டங்கள் கிடையாது. செய்தவர்கள் குறுக்குவழியைக் கொடுத்தார்கள், அது குறுக்குவழி என்று முத்திரையும் குத்தினார்கள். வெளியே உள்ள தளமோ அந்த முத்திரை விழாமல் அதே வேலையைச் செய்து தருகிறது. ஆகவே செய்தவர்களை இந்தப் பழக்கத்துக்குச் சாட்சியாக அழைக்க முடியாது.

இதைவிடக் கனமான வாதம் ஒன்று உண்டு, நன்றாக ஆடுகிறவர்கள் சொல்வது. தரையில் படிக்க எதுவுமே இல்லை என்கிறார்கள். கட்டடங்கள் எங்கே விழும் என்பதை விளையாட்டு கட்டம் போட்டுத் தீர்மானிக்கிறது. ஜாவா பதிப்பில் 16 பிளாக் சதுரத்துக்கு ஒரு சங்க் என்று வைத்துக்கொண்டால், கிராமத்துக்கு 34 சங்க் அகலமுள்ள கட்டம், மேன்ஷனுக்கு 80 சங்க். ஒவ்வொரு கட்டத்துக்குள்ளும் சீட் எண்ணிலிருந்து ஓர் இடம் கணக்கிடப்படுகிறது. அந்த இடத்தின் நிலவகை பொருந்தினால் கட்டடம் எழும், பொருந்தாவிட்டால் இல்லை. ஆற்றோரம் என்பதற்காகக் கிராமம் தோன்றுவதில்லை, கணவாய் என்பதற்காகக் காவற்கோபுரம் நிற்பதில்லை. காரணமில்லாமல் கிடக்கிற ஒன்றைக் காரணம் கொண்டு எப்படித் தேடுவது என்பது அவர்கள் கேள்வி.

இது பாதி உண்மை. மீதிப் பாதியில்தான் விளையாட்டே இருக்கிறது. 2022 ஜூனில் 1.19 பதிப்போடு வந்த ஏன்ஷியன்ட் சிட்டியை எடுத்துக்கொள்வோம். அது டீப் டார்க் என்ற நிலவகையில் மட்டும், மைனஸ் 51ஆம் உயரத்தில் அமைகிறது. டீப் டார்க் பெரும்பாலும் உயர்ந்த மலைத்தொடர்களுக்கு அடியில்தான் விரிகிறது. இதை அறிந்தவர் சமவெளியில் தோண்டிக்கொண்டிருக்க மாட்டார். சிகரங்களைப் பார்த்து நடப்பார், அவற்றின் அடியில் குகை வழியாக இறங்குவார், கருநீல ஸ்கல்க் படலம் சுவரில் படர ஆரம்பித்ததும் காலடியை மெதுவாக்குவார். வார்டன் என்ற அரக்கன் அதிர்வைக் கேட்டு வரும் என்பதால் அந்தக் கடைசி நூறு பிளாக் தூரத்தில் அவர் வைக்கும் ஒவ்வோர் அடியும் ஒரு முடிவு. மேன்ஷன் பெரும்பாலும் அடர்காட்டில்தான் இருக்கும். டிரெயில் ரூயின்ஸ் என்ற புதையுண்ட குடியிருப்பு தன் உச்சியை மட்டும் தரைக்கு மேலே காட்டிக்கொண்டு நிற்கும், சரளைக்கு நடுவே நிறம் மாறிய சில கற்கள்தான் அடையாளம். பனிவீடுகளில் பாதிக்கு அடியில் நிலவறை உண்டு, கம்பளத்தைப் பெயர்த்துப் பார்த்தால்தான் கதவு தெரியும். இவையெல்லாம் தரை பேசுகிற பேச்சு.

ஸ்ட்ராங்ஹோல்ட் என்ற கோட்டை விஷயத்தில் தேடும் முறையையே விளையாட்டு சொல்லிக்கொடுக்கிறது. ஜாவா உலகில் 128 ஸ்ட்ராங்ஹோல்டுகள் எட்டு வளையங்களாக அமைகின்றன. முதல் வளையத்தின் மூன்றும் உலகின் மையத்திலிருந்து 1280க்கும் 2816க்கும் இடைப்பட்ட பிளாக் தூரத்தில் இருக்கும். ஐ ஆஃப் எண்டர் என்ற கண்ணை வீசினால் அது கோட்டை இருக்கும் திசையில் பறக்கும். ஐந்தில் ஒரு முறை உடைந்தும் போகும். கோட்டைக்குள் இருக்கும் போர்ட்டலின் பன்னிரண்டு சட்டங்களை நிரப்பவும் அதே கண்கள் வேண்டும் என்பதால் வீசுவது சிக்கனமாக நடக்க வேண்டிய காரியம். ஓரிடத்தில் வீசி அது பறந்த திசையை ஒரு கோடாகக் குறித்துக்கொண்டு, பக்கவாட்டில் சில நூறு பிளாக் நகர்ந்து மறுபடி வீசினால் இரண்டு கோடுகளும் வெட்டும் இடத்தில் கோட்டை. நில அளவைக்காரர்களின் முக்கோண முறையே இது. எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒருவன் இதைத் தானாகக் கண்டுகொள்ளும் மாலைநேரம், கணக்கு வாத்தியாரின் ஒரு வாரப் பாடத்துக்குச் சமம். சீட் மேப் அந்த மாலையை அவனிடமிருந்து எடுத்துக்கொண்டு ஓர் எண்ணைக் கொடுக்கிறது.

என் முக்கியமான குற்றச்சாட்டு இதுதான்: சீட் மேப்பில் கிடைக்கும் ஒரு கண்டுபிடிப்பு அடுத்த கண்டுபிடிப்புக்கு உதவாது. மலைக்கடியில் தேடி ஒரு நகரத்தை அடைந்தவருக்கு இரண்டாவது நகரம் சற்று எளிது, மூன்றாவது இன்னும் எளிது. புதிய உலகம் ஒன்றில் இறங்கினாலும் அந்தக் கண் கூடவே வரும். புள்ளியைப் பார்த்து நடந்தவர் பத்து நகரங்களை முடித்த பிறகும் பதினொன்றாவதுக்குத் தளத்தைத்தான் திறக்கிறார். அவருடைய பையில் வைரம் கூடியிருக்கிறது, பார்வையில் எதுவும் கூடவில்லை.

ஏற்காட்டில் இருந்துகொண்டு இதைச் சொல்லும்போது ராபர்ட் புரூஸ் ஃபுட்டை நினைக்காமல் இருக்க முடியாது. இந்திய நிலவியல் அளவைத் துறையில் பணியாற்றி, பின்னாளில் இந்த ஊரில் குடியிருந்தவர். 1912இல் மறைந்த அவருக்கு இங்கே ஹோலி டிரினிட்டி தேவாலயத்தில் நினைவுக்கல் இருக்கிறது. 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் ஒரு சரளைக் குழியில் அவர் எடுத்த கற்கோடரி, இந்தியாவில் பழைய கற்கால மனிதர் வாழ்ந்ததற்கு முதல் சான்றாக ஆயிற்று. அந்தக் கல்லைக் கடந்து அன்றுவரை எத்தனையோ பேர் போயிருப்பார்கள். பிரான்சில் ஆற்றுச் சரளைக்குள் கிடைத்த கல்லாயுதங்களைப் பற்றி அந்த நாட்களில் நடந்த விவாதத்தை ஃபுட் படித்திருந்தார், மண் அடுக்குகளை வாசிக்கத் தெரிந்தவர், ஆகவே அவருக்கு அது கல்லாக மட்டும் தெரியவில்லை. அதே ஆண்டு செப்டம்பரில் சக நிலவியலாளர் வில்லியம் கிங்கோடு அத்திரம்பாக்கத்தின் கற்கால இடத்தைக் கண்டார். பிறகு தென்னிந்தியாவெங்கும் நூற்றுக்கணக்கான இடங்கள். பல்லாவரக் குழியின் இருப்பிடத்தை மட்டும் யாரோ அவரிடம் எழுதிக் கொடுத்திருந்தால் கையில் ஒரு கோடரி இருந்திருக்கும். அத்திரம்பாக்கம் கிடைத்திருக்காது.

இந்தச் சேர்வராயன் மலையிலேயே புதிய கற்கால மக்கள் மெருகேற்றிய கற்கோடரிகள் கிடைத்திருக்கின்றன. மலைக்கிராமங்களில் மரத்தடிப் பிள்ளையாரோடு அவற்றையும் வைத்துப் பூசை செய்கிறார்கள். மண்ணுக்கடியில் மறைந்தவை அல்ல அவை. தினமும் மஞ்சள் குங்குமத்தோடு எல்லார் கண்முன்னாலும் இருப்பவை. கல்லின் விளிம்பு எப்படித் தேய்க்கப்பட்டிருக்கிறது என்று பார்க்கத் தெரிந்தவருக்கே அவை கோடரிகள். கீழேயிருந்து இருபது கொண்டை ஊசி வளைவுகள் ஏறி வந்து, போன் காட்டும் வழியில் லேடீஸ் சீட், பகோடா பாயின்ட், கரடிக் குகை, சேர்வராயன் கோயில் என்று புள்ளிகளைத் தொட்டுவிட்டு மாலையில் இறங்கிவிடும் வண்டிகள் இவற்றைக் கடந்துதான் போகின்றன. போகிறவர்கள் மேல் எனக்குக் கோபமில்லை. ஒருநாள் விடுமுறையில் வேறென்ன செய்வார்கள். ஆனால் மலையைத் தெரிந்துகொண்டோம் என்று அவர்கள் சொன்னால் ஒத்துக்கொள்ள மாட்டேன். சீட் மேப்பைப் பிடித்து நடந்தவர்கள் தங்களைத் தேடுகிறவர்கள் என்று சொல்லும்போதும் அப்படித்தான்.

பலர் சேர்ந்து ஆடும் சர்வர்களில் சீட் மேப் வேறு விதமான கேடாகிறது. நடத்துகிறவர் சீட் எண்ணை மறைத்து வைத்தாலும், சில கட்டடங்கள் இருக்கும் இடங்களைக் கொண்டே எண்ணை மீட்டெடுக்கும் மென்பொருள்கள் இருக்கின்றன. கட்டடங்களின் அமைவுக்கு 64 பிட் எண்ணில் 48 பிட் மட்டுமே பயன்படுவதால் அது சாத்தியமாகிறது. ஒருவர் அப்படி எண்ணைப் பிடித்துவிட்டால் மற்றவர்கள் தேடிப் போகும் இடமெல்லாம் பெட்டிகள் காலியாக இருக்கும். இதைத் தடுக்கவே ஒவ்வொரு கட்டட வகைக்கும் தனி எண்ணை மாற்றி வைக்கும் வசதியைச் சர்வர் மென்பொருள் செய்கிறவர்கள் சேர்க்க வேண்டியதாயிற்று. இருபது பேர் பகிர்ந்துகொள்ளும் உலகத்தில் தேடல் என்பது பொதுச்சொத்து. ஒருவர் அதை மொத்தமாக முடித்துவிடுகிறார் என்றால் அது திருட்டுதான், வேறு பெயர் எனக்குத் தெரியவில்லை.

வேகமாக முடிக்கும் போட்டியாளர்களைக் கண்டால் தேடுவதற்கும் புள்ளியைப் பார்த்து நடப்பதற்கும் உள்ள வித்தியாசம் இன்னும் தெளிவாகும். சீட் எண் முன்பே தெரியாத ஸ்பீட்ரன் வகையில் ஆடுகிறவர்களும் கணக்குப் போடும் கருவிகளைப் பயன்படுத்துகிறார்கள். கண் பறக்கும் கோணத்தைத் திரையிலிருந்து நுணுக்கமாக அளந்து, கோட்டை இருக்கக்கூடிய இடத்தைக் கணினியிடம் கேட்கிறார்கள். கணினியைத் தொட்டதாலேயே இவர்களையும் சீட் மேப் பார்ப்பவர்களையும் ஒரே தட்டில் வைக்கிறவர்கள் உண்டு. எனக்கு உடன்பாடில்லை. இவர்கள் கணினியிடம் கொடுப்பது தாங்களே நின்று அளந்த கோணம். அளவு தவறினால் விடையும் தவறும். தவறிய இடத்தில் தோண்டிப் பார்த்துத் திரும்புகிறவர்களை அந்தப் போட்டிகளில் நிறையவே காணலாம்.

சீட் மேப்பை அடியோடு ஒழிக்கச் சொல்லவில்லை. உலகத்தில் நடந்து முடித்த பிறகு சரிபார்க்கத் திறக்கட்டும். அளவைக்காரர்களும் அப்படித்தான் சரிபார்த்தார்கள். இந்தியாவின் பெரும் முக்கோண அளவையை 1802இல் பரங்கிமலைப் பக்கம் ஓர் அடிக்கோட்டை அளந்து தொடங்கிய வில்லியம் லாம்ப்டன், முக்கோணம் முக்கோணமாகக் கணக்கிட்டுக்கொண்டு மேற்கே போனார். 1804இல் பெங்களூரில் இன்னொரு கோடு சங்கிலி பிடித்து நேரடியாக அளக்கப்பட்டது. அவர் கணக்கு சரியா என்று பார்க்கத்தான். சில அங்குலமே வேறுபட்டது. எந்த மலைக்கடியில் நகரம் இருக்கும் என்று ஊகித்தோம், எதைத் தவறவிட்டோம், எந்தச் சிகரம் நம்மை ஏமாற்றியது என்று பார்க்க அந்தத் தளத்தைத் திறக்கிறவர், அடுத்த உலகத்தில் இறங்கும்போது முன்னைவிடக் கூர்மையாகப் பார்ப்பார். அவரோடு எனக்கு வழக்கில்லை. முதல் அடி எடுத்துவைக்கும் முன்பே திறக்கிறவரோடுதான்.