பொறுக்குகிறவனின் கண்

வீடியோ விளையாட்டு ஒன்றைப் பற்றி இந்தப் பக்கங்களில் எழுதுவதற்குச் சமாதானம் எதுவும் சொல்லப் போவதில்லை. சினிமாவைப் பற்றி எழுதினாலே முகம் சுளித்தவர்கள் நம்மிடையே இருந்தார்கள். பிறகு அவர்களே தார்க்காவ்ஸ்கியின் பெயரைச் சொல்லப் பழகிக்கொண்டார்கள். ஒரு சாதனம் கலையா இல்லையா என்பதைப் பொதுவில் வைத்து வாதாடுவதில் எனக்கு அக்கறையில்லை. குறிப்பிட்ட ஒன்று என் பிரக்ஞையில் என்ன செய்தது என்பதைப் பார்க்க வேண்டும். அதுவும், நான் விரும்பாத ஒன்றைச் செய்திருக்குமானால், கூடுதல் கவனத்தோடு பார்க்க வேண்டும்.

நான் சொல்ல வருவது 2008இல் பெதெஸ்டா வெளியிட்ட ‘ஃபால்அவுட் 3’. 2077இல் நடந்த அணுயுத்தத்துக்கு 200 ஆண்டுகளுக்குப் பிறகு, இடிந்து கிடக்கும் வாஷிங்டனில் நடக்கிறது. பூமிக்கடியில் ஒரு பாதுகாப்பறையில் வளர்ந்த 19 வயது ஜீவன், காணாமல் போன தகப்பனைத் தேடி வெளியே வருகிறது. இந்த விளையாட்டின் தார்மீகத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் மெகாடன் என்ற ஊருக்குத்தான் போகிறார்கள். வெடிக்காத அணுகுண்டு ஒன்றைச் சுற்றி எழும்பிய ஊர் அது. குண்டைச் செயலிழக்கச் செய்யலாம். கூலி வாங்கிக்கொண்டு வெடிக்கவும் வைக்கலாம். நல்லவனாக இருப்பதா, கெட்டவனாக இருப்பதா என்று நம்மை நேருக்கு நேர் கேட்கிற இடம். இவ்வளவு உரத்துக் கேட்கப்படும் கேள்வியில் எனக்கு நம்பிக்கையில்லை. பதில் சொல்லும்போது நாம் விழித்துக்கொண்டிருக்கிறோம், நம்மையே பார்த்துக்கொண்டிருக்கிறோம். விழிப்பு இல்லாத இடத்தில் என்ன செய்தோம் என்பதே எனக்கு முக்கியமாகப் படுகிறது. அந்த இடம் அதே ஊரில் மொய்ரா பிரவுன் என்பவள் நடத்தும் கடையின் கல்லாப்பக்கம்.

அங்கே நடப்பது எளிமையானது. பாழடைந்த வீடுகள், பள்ளிக்கூடங்கள், அலுவலகங்கள் எல்லாவற்றிலும் புகுந்து கிடைத்ததை எடுத்து வருகிறோம்: கத்தரிக்கோல், காப்பிக் கோப்பை, சிகரெட் பெட்டி, பொம்மை, இரும்புத்துண்டு. காயலான்கடைச் சாமான்கள். கடையில் கொடுத்தால் பாட்டில் மூடிகள் தருவாள். அந்த உலகில் நூகா கோலா என்ற பானத்தின் மூடிதான் நாணயம். போருக்கு முந்தைய டாலர் கட்டும் கிடைக்கும். அதன் நிறை 0, மதிப்பு 10 மூடிகள். பணத்தைக் குப்பையாக விற்றுக் குப்பையைப் பணமாக வாங்குகிறோம். இந்தக் கேலியை விளையாட்டு பிரக்ஞையோடுதான் செய்கிறது, அதில் சிரமமில்லை.

சிரமம் தொடங்குவது தூக்கும் சக்தியில். உடல்பலம் ஒவ்வொரு புள்ளிக்கும் 10 வீதம், அதோடு 150, அவ்வளவுதான் சுமக்கலாம். சராசரிப் பலம் 5 உள்ளவனுக்கு 200. அதற்கு மேல் ஒரு கோப்பை கூடினாலும் ஓட முடியாது. தெரிந்த ஊருக்கு ஒரு நொடியில் போய்ச்சேரும் வசதியும் கிடையாது. ஆகவே எதை எடுப்பது, எதை விடுவது என்ற கணக்கு வருகிறது. மணிக்கட்டில் கட்டியிருக்கும் கருவி ஒவ்வொரு பொருளுக்கும் இரண்டு எண்களைக் காட்டுகிறது: நிறை, மதிப்பு. மதிப்பை நிறையால் வகுக்கக் கற்றுக்கொண்டவன் லாபம் பார்க்கிறான்.

நான் கற்றுக்கொண்டேன். கற்றுக்கொள்வதற்கு முன் இருந்த சில மணிநேரங்கள் எனக்கு நன்றாக நினைவிருக்கின்றன. ஒரு வீட்டின் மாடியறை. கட்டிலில் இரண்டு எலும்புக்கூடுகள், ஒன்றின்மேல் ஒன்றின் கை. பக்கத்து மேஜையில் இரண்டு கோப்பைகள். வசனம் இல்லை, சங்கீதம் இல்லை. யாரோ ஒரு கலைஞன் அந்தக் கோப்பைகளை அந்த இடத்தில் வைத்திருக்கிறான். கடைசி நாளின் கடைசிப் பேச்சை என்னிடம் விட்டிருக்கிறான். எதையும் தொடாமல் வெளியே வந்தேன். இந்த விளையாட்டின் சிருஷ்டிபூர்வமான சாதனை முழுவதும் இப்படிப்பட்ட அறைகளில்தான் இருக்கிறது. அதன் கதை சாதாரணம், உரையாடல்கள் பெரும்பாலும் தட்டை. செத்தவர்களின் பொருள்கள்தான் பேசுகின்றன.

இருபது மணிநேரம் கழித்து அதே மாதிரி இன்னொரு அறைக்குள் போனேன். கட்டிலைப் பார்க்கவில்லை. மேஜையைப் பார்த்தேன். சிகரெட்டை எடுத்தேன், கோப்பைகளை விட்டேன், விலை போகாது என்பதால். இப்போது எனக்கு அந்த அறை எந்தக் கட்டிடத்தில் இருந்தது என்பதுகூட நினைவில்லை. எடுத்ததற்கு என்ன கிடைத்தது என்பது ஏறக்குறைய நினைவிருக்கிறது.

இந்த மாற்றத்துக்கு விளையாட்டின் பாவபுண்ணியக் கணக்கில் இடமேயில்லை. ‘கர்மா’ என்று ஒரு எண் வைத்திருக்கிறார்கள். உயிரோடிருக்கும் ஒருவனின் பொருள் சிவப்பெழுத்தில் தெரியும். எடுத்தால், யாரும் பார்க்காவிட்டாலும், கர்மா குறையும். எலும்புக்கூட்டின் பக்கத்தில் கிடப்பது சாதாரண எழுத்தில் தெரியும். எடுக்கலாம், குற்றமில்லை. உடைமை என்பது உயிரோடிருப்பவனுக்கு மட்டுமே. சட்டமாக இது நியாயம்தான். இருநூறு வருஷங்களுக்கு முன் செத்தவனுக்குக் கோப்பை எதற்கு? ஆனால் செத்தவனுக்கும் எனக்கும் நடுவே உள்ள ஒரே உறவு அந்தக் கோப்பைதான். அதன்மேல் அவனுக்கு உரிமை இல்லை என்றாகிவிட்டால், நான் அதைப் பார்க்க வேண்டிய கடமையும் இல்லை என்று என் கை தானாகவே முடிவு செய்துகொள்கிறது.

நண்பர் ஒருவரிடம் இதைச் சொன்னபோது, “வயிறு நிறைந்தவன் பேச்சு” என்றார். குப்பை பொறுக்கிப் பிழைக்கிறவன் பொருளை ரசித்துக்கொண்டிருக்க முடியுமா என்பது அவர் கேள்வி. நியாயமான கேள்வி. ஆட்டத்தின் ஆரம்பத்தில் என் நிலையும் அதுதான். காயத்துக்கு ஊசி மருந்து வேண்டும், துப்பாக்கிக்குத் தோட்டா வேண்டும், கையில் மூடியில்லை. அப்போது பொறுக்கியதில் ஒரு நேர்மை இருந்தது. கத்தரிக்கோலை விற்ற காசில் மருந்து வாங்கினேன். கத்தரிக்கோல் எந்தச் சலூனில் கிடந்தது என்பதும் நினைவிருந்தது. தேவை பொருளின் முகத்தை அழித்துவிடுவதில்லை. எதை எங்கே எடுத்தோம் என்பது பசித்தவனுக்கு மறப்பதில்லை. அழிப்பது லாபம். என் கணக்கில் 20,000 மூடிகள் சேர்ந்த பிறகு வாங்குவதற்கு அந்த உலகில் எதுவும் மிச்சமில்லை. ஆனாலும் பொறுக்கினேன். கடைக்காரியின் கையிருப்பு தீர்ந்துபோனால் சில நாள் காத்திருந்து மறுபடி விற்றேன். நண்பரின் கேள்வி என் முதல் ஐந்து மணிநேரத்தைத்தான் காப்பாற்றுகிறது. மீதியை ஒன்றும் செய்ய முடியாது.

இனி, எழுதுகிறவர்கள் கூடுதலாகக் கவனிக்க வேண்டிய ஒரு பொருள். ஆர்லிங்டன் நூலகத்தில் யியர்லிங் என்ற பெண் இருக்கிறாள். பழைய அறிவைத் திரட்டிக் காக்கும் ஒரு அமைப்பைச் சேர்ந்த எழுத்தர். எரியாமல் தப்பிய புத்தகம் கொண்டுவந்தால், ஒன்றுக்கு 100 மூடிகள் தருவாள். மற்றக் கடைகளில் அது சொற்பத்துக்குப் போகும். மெகாடனில் ஓர் இரும்புத்துண்டுக்கு வால்டர் தருவது 10. ஆக, அந்தப் பாழ்வெளியில் புத்தகத்துக்கு இரும்பைப்போல் பத்து மடங்கு விலை. முதலில் எனக்கு மகிழ்ச்சியாகத்தான் இருந்தது. பிறகு கவனித்தேன்: அந்தப் புத்தகத்துக்குத் தலைப்பு கிடையாது. ‘போருக்கு முந்தைய புத்தகம்’, அவ்வளவுதான். எல்லாப் பிரதிகளுக்கும் அதே பெயர். திறக்க முடியாது. ஒரு வரிகூட வாசிக்க முடியாது. நான் சுமந்து போய்க் கொடுத்தவை கவிதையா, கணக்குப் பேரேடா, எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வழியும் வைக்கப்படவில்லை. அவள் வாசிப்பாளோ என்னவோ. அவளுக்கு விற்கிற நான் வாசிக்கத் தேவையில்லாதவன்.

இதை விளையாட்டின் குறை என்று ஒதுக்கிவிடலாம்: நூற்றுக்கணக்கான புத்தகங்களுக்கு யார் உட்கார்ந்து பக்கங்கள் எழுதுவது? எனக்கு அப்படி ஒதுக்கத் தோன்றவில்லை. தெரிந்து செய்தார்களோ தெரியாமல் செய்தார்களோ, புத்தகத்துக்கு நல்ல விலை கொடுப்பதும் புத்தகத்தை வாசிப்பதும் வெவ்வேறு காரியங்கள் என்பதை இவ்வளவு துல்லியமாக என் கையாலேயே செய்யவைத்துக் காட்டிய வேறொரு படைப்பு என் நினைவில் இல்லை.

இன்னொரு இடத்தில் இதைத் தெரிந்தேதான் செய்திருக்கிறார்கள். வரலாற்று அருங்காட்சியகத்தில் லிங்கனின் தொப்பி, துப்பாக்கி, நாட்குறிப்பு போன்றவை கிடைக்கின்றன. வாங்க மூன்று பேர் இருக்கிறார்கள். தப்பி வந்த அடிமைகளின் தலைவன் ஹன்னிபால் ஹாம்லின். லிங்கனின் முதல் துணை ஜனாதிபதியின் பெயரைச் சூட்டிக்கொண்டவன். ரிவெட் சிட்டியில் அருங்காட்சியகம் வைத்திருக்கும் ஏப்ரஹாம் வாஷிங்டன். மூன்றாவது, லிங்கன் நினைவகத்தையே பிடித்து வைத்திருக்கும் அடிமை வியாபாரி லீராய் வாக்கர். லிங்கனின் நினைவே மிஞ்சக்கூடாது என்று வாங்குகிறவன். மூவரும் விலை தருகிறார்கள். ஒருவனுக்கு அது விடுதலையின் சின்னம், ஒருவனுக்குக் காட்சிப்பொருள், ஒருவனுக்கு அழிக்க வேண்டிய தடயம். தொப்பி ஒன்றுதான். நான் அடிமைகளுக்குத்தான் கொடுத்தேன். ஆனால் கொடுப்பதற்கு முன், மற்ற இருவரும் என்ன தருவார்கள் என்று மனதில் ஒரு கணம் ஓடியது. அந்தக் கணத்தை உண்டாக்கியதற்காக இந்த விளையாட்டை மதிக்கிறேன்.

பாழ்நிலத்திலிருந்து பொருள் எடுத்து விற்பவனை இலக்கியம் முன்பே அறியும். ஸ்த்ருகாத்ஸ்கி சகோதரர்களின் ‘சாலையோரப் பிக்னிக்’ 1972இல் வந்தது. அதில் வரும் ரெட்ரிக் ஷூஹார்ட், வேற்றுக்கிரகவாசிகள் விட்டுப்போன மர்மப் பிரதேசத்துக்குள் திருட்டுத்தனமாகப் புகுந்து கிடைத்ததைக் கள்ளச்சந்தையில் விற்கிறான். ஒவ்வொரு விற்பனையும் அவனிடமிருந்து ஒன்றைப் பறிக்கிறது. கடைசியில் இன்னொருவன் மகனையே பலிகொடுத்து முன்னேறுகிறான். இந்த நாவலிலிருந்து பிறந்த தார்க்காவ்ஸ்கியின் ‘ஸ்டாக்கர்’ (1979) வியாபாரத்தையே நீக்கிவிட்டது. படத்தின் வழிகாட்டி விற்பதற்கென்று எதையும் எடுத்து வருவதில்லை. ஒரு கறுப்பு நாய் தானாக அவனோடு வந்துவிடுகிறது. நாம் படத்தை மட்டும் கொண்டாடிப் பழகியவர்கள். ஆனால் விற்கிறவனுக்குள் என்ன நடக்கிறது என்பதை நாவல்தான் சொன்னது. ‘ஃபால்அவுட் 3’ நாவலின் பக்கம் நிற்கிறது, ஒரு பெரிய வித்தியாசத்தோடு: ஷூஹார்ட் தன் சீரழிவை அறிவான். இங்கே அறியாமலிருப்பதற்கு எல்லா வசதியும் செய்து தரப்பட்டிருக்கிறது.

2015இல் வந்த ‘ஃபால்அவுட் 4’ அந்த வசதியைப் பூர்த்தி செய்தது. அதில் எல்லாக் குப்பைக்கும் உபயோகம் வந்துவிட்டது. மேஜை விசிறியைப் பிரித்தால் திருகாணி, பல்சக்கரம், இரும்பு. அவற்றைக்கொண்டு துப்பாக்கியைச் செப்பனிடலாம். அகதிகளுக்குக் கட்டிலும் தண்ணீர்க்குழாயும் அமைக்கலாம். விற்பதைவிட இது மனிதத்தன்மையுள்ள காரியம் என்பதை மறுக்கவில்லை. ஆனால் திருகாணி வேண்டுமென்று குறித்துவைத்தால், திருகாணி உள்ள பொருள்களின் பெயருக்குப் பக்கத்தில் பூதக்கண்ணாடிச் சின்னம் ஒன்று தோன்றும். இனி விசிறியை விசிறியாகப் பார்க்கக்கூட வேண்டாம். சின்னத்தைப் பார்த்தால் போதும். அகதிகளுக்கென்று அமைத்த சுத்திகரிப்பு எந்திரத்தில் மிஞ்சும் தண்ணீர்தான், கடைசியில், அந்த விளையாட்டின் மிக லாபகரமான சரக்கு. அதையும் விற்றேன்.

முந்தைய விளையாட்டில் பிரயோசனமற்ற கோப்பை ஒன்று விலைபோகாததாலேயே மேஜைமீது தங்கியது. அடுத்த முறை அந்த வீட்டுக்குள் போகிறவன் அதைப் பார்க்கக்கூடும். எல்லாவற்றுக்கும் உபயோகம் வந்த உலகத்தில் அந்த வாய்ப்பு குறைந்துவிட்டது. அலங்காரத்திலும் வசதியிலும் வளர்ந்த இரண்டாவது விளையாட்டைவிட முதலாவதை நான் உயர்ந்ததென்று கருதுவது இந்தக் காரணத்தால்தான்.

இந்தக் கட்டுரையை எழுதி முடித்துப் படித்துப் பார்த்தபோது ஒரு சங்கடம் ஏற்பட்டது. கட்டிலில் கிடந்த இரண்டு எலும்புக்கூடுகளை என் வாதத்துக்கு எடுத்துக்கொண்டேன். வேறு பல அறைகளை விட்டுவிட்டேன், வாதத்துக்கு உதவாது என்பதால். ஒரு படைப்புக்குள் நுழைந்து, கட்டுரையில் எது எடுபடும் என்று பார்த்துப் பொறுக்கி வருவதை நம்மில் பலர் வருஷக்கணக்காகச் செய்துவருகிறோம்; நமக்கும் மணிக்கட்டில் இரண்டு எண்கள் தெரிகின்றன. சென்ற வாரம் பழைய சேமிப்பொன்றைத் திறந்து, நான் எதையும் தொடாமல் வெளியே வந்த அந்த முதல் வீட்டுக்குள் மறுபடி போனேன். கோப்பைகள் இரண்டும் இருந்தன. ஒன்றின் காது உடைந்திருந்தது. முதல் தடவை நான் அதைக் கவனித்திருக்கவில்லை.