நன்னூலார் கூறும் மூன்றாம் மதம்

பவணந்தி முனிவர் நன்னூற் பொதுப்பாயிரத்துள் நூற்குரிய மதங்கள் ஏழனைத் தொகுத்தோதினார். அவற்றுள் உடன்படலும் மறுத்தலும் யாவரும் அறிந்தன. மூன்றாவது, பிறர் கொள்கையை முன்னர் ஏற்றுநின்று பின்னர்க் களைதல். இக்கால ஆராய்ச்சிக் கட்டுரைகளில் அருகிவருவது இம்மூன்றாம் மதமே என்பது எம் கருத்து.

மறுத்தற்கும் இதற்கும் வேற்றுமை யாதெனின், மறுப்போன் புறத்தே நின்று மறுக்கின்றான். மூன்றாம் மதத்தை மேற்கொள்வோனோ அக்கொள்கைக்கு உரியவன் தானேயாகிச் சிறிதுபொழுது வழக்குரைக்கின்றான். அதற்குரிய சான்றுகளையும் தானே தேடுகின்றான். களைய இயலாதாயின், அதனை ஏற்கும் நேர்மையும் அவனுக்கு வேண்டும்.

தொல்காப்பியச் சொல்லதிகாரத்திற்குச் சேனாவரையர் வகுத்த உரை இதற்கு நல்ல சான்று. இளம்பூரணரை 'உரையாசிரியர்' எனச் சுட்டி, அவர் கொண்ட பொருளை எடுத்துக்காட்டி, அது பொருந்தாமைக்குக் காரணங் கூறுவர். அவ்வளவில் அமையாது, தம் உரைமேல் எழக்கூடிய தடையையும் தாமே எழுப்பி, 'எனின்' என நிறுத்தி, விடை தருவர். அவர் நடையைச் செறிவுடையதென்று புகழ்வார் பலர். கடினமானதென்று குறைகூறுவாரும் உளர். தடைகளைத் தாங்கி எஞ்சிய சொற்களே அவ்வுரையில் நிற்றலின் அச்செறிவு வாய்த்தது. ஆராய்ச்சி நடையைத் திருத்தும் என்பதே யாம் ஈண்டு வற்புறுத்துவது.

18-ஆம் நூற்றாண்டினராகிய சிவஞான முனிவரிடத்து இருநிலைகளைக் காண்கின்றோம். இலக்கண விளக்கச் சூறாவளியில் வைத்தியநாத தேசிகர் நூலைக் கடிந்து மறுத்தார். சங்கர நமச்சிவாயர் செய்த நன்னூல் விருத்தியுரையையோ திருத்திச் செப்பஞ் செய்தார். சூறாவளியைச் சுவைப்பார் மிகுதி. (பிறர் பிழை காணும் இன்பம் எளிதிற் கிடைப்பதன்றோ!) எழுதப் பழகும் மாணவர்க்கு விருத்தியுரையே மிக்க பயன் தரும். பிறர் உரையைத் தம் உரைபோற் கருதிச் செப்பனிடும் பொறுமை ஆண்டு விளங்குகின்றது.

இனி எம் பட்டறிவு ஒன்று. எம் பழைய கட்டுரையொன்றை அண்மையிற் புரட்டியபோது, 'ஐயத்திற்கு இடமின்றி' என்னுந் தொடரை மூன்றிடத்துக் கண்டோம். அம்மூன்றிடத்தும் சான்று மெலிந்தே இருந்தது. சான்று வலுத்த இடங்களில் அத்தொடர் எமக்குத் தேவைப்படவில்லை போலும். எதிர்க்கொள்கையினர் நிலையில் நின்று அப்பகுதிகளை மீண்டும் எழுதிப் பார்த்தோம். ஓரிடத்து அவர் கொள்கையே வென்றது. எம் பத்தியை முற்றும் நீக்கினோம். ஏனை ஈரிடத்தும் எம் கருத்து நின்றது. ஆயினும் 'ஐயத்திற்கு இடமின்றி' என்பதனை அடித்து, 'என்று கருத இடமுண்டு' எனத் திருத்தினோம்.