நாமும் நாங்களும்: தமிழில் பலஸ்தீனக் கவிதை

பலஸ்தீனக் கவிதை தமிழில் வேரூன்றி நாற்பது ஆண்டுகளுக்கு மேலாயின. எம். ஏ. நுஃமான் மொழிபெயர்த்த 'பலஸ்தீனக் கவிதைகள்' 1981-ஆம் ஆண்டு வெளிவந்தது. பின்னர் விரிந்த பதிப்புகளும் வந்தன. மஹ்மூத் தர்வீஷ், சமீஹ் அல்-காசிம், பத்வா துகான் முதலியோர் தமிழ்க் கவிதை கற்பார்க்குப் பெரிதும் அறிமுகமானது இந்நூலாலேயே. ஈழத்துப் போராட்டக் கவிதைக்கு இந்நூலே வித்து என்று கூறுவாரும் உளர். அக்கூற்றில் ஓரளவு உண்மை உண்டு. ஆயின் வித்து என்று சொல்லி அமைந்துவிட்டால், தமிழ் எதனைப் பெற்றது, எதனைப் பெறாது விட்டது என்னும் வினா எழாமலே போய்விடும். ஈண்டு யாம் ஆராயப் புகுவது அவ்வினாவினையே. அதனையும் ஒரு சிறு சொல்லின் வாயிலாக ஆராய்வாம். அச்சொல் தன்மைப் பன்மைப் பெயர்.

முதற்கண் மொழிபெயர்த்தாரைப் பற்றிச் சில கூறல் வேண்டும். நுஃமான் 1944-இல் கிழக்கிலங்கையிலுள்ள கல்முனைக்குடியில் பிறந்தவர், முஸ்லிம், தமிழைத் தாய்மொழியாகக் கொண்டவர். 1969, 1970 ஆண்டுகளில் 'கவிஞன்' என்னும் இதழை நடத்தினார். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்திலும் பின்னர்ப் பேராதனைப் பல்கலைக்கழகத்திலும் ஆசிரியராக விளங்கினார். கவிஞர், திறனாய்வாளர், மொழியியலறிஞர் ஆகிய மூவரும் அவரிடத்து ஒருவராக அமைந்தனர். மஹாகவி எனப் புகழ் பெற்ற உருத்திரமூர்த்தியின் பேச்சோசைச் செய்யுளில் தோய்ந்தவராதலின், மொழிபெயர்ப்பிலும் ஓசை நிரப்புதற்காகச் சொல்லைப் பெருக்கும் வழக்கம் அவரிடம் இல்லை. அந்நாளில் தமிழ்நாட்டில் வந்த பிறநாட்டுக் கவிதை மொழிபெயர்ப்புகள் பலவற்றை இதனோடு ஒருங்கு வைத்துப் படிப்பார்க்கு இவ்வேறுபாடு புலனாகும். அவற்றுள் சில தமிழ்ச் சொற்களால் ஆன ஆங்கிலமாகவே நின்றுவிட்டன.

நுஃமான் அரபுக் கவிதைகளை ஆங்கில வழியே தமிழாக்கினார். இது குறையன்று, ஆயினும் ஒன்றனை நாம் கருத வேண்டும். ஆங்கிலத்தில் தன்மைப் பன்மைப் பெயர் ஒன்றே. அரபிலும் ஒன்றே. தமிழிலோ இரண்டு. கேட்போனை உளப்படுத்திக் கூறுவது நாம். அவனை விலக்கிக் கூறுவது முன்னாளில் யாம், இந்நாளில் நாங்கள். கால்டுவெல் தம் ஒப்பிலக்கணத்தில் இவ்விருமைக்குத் தனி ஆராய்ச்சியே செய்துள்ளார். வினைமுற்றிலும் பண்டு இவ்வேறுபாடு இருந்தது. அம், ஆம் ஈறுகள் முன்னிலையாரை உளப்படுத்தும் எனவும், எம், ஏம், ஓம் ஈறுகள் படர்க்கையாரை உளப்படுத்தும் எனவும் நன்னூலார் பகுப்பர். இன்று ஓம் ஈறு ஒன்றே எஞ்சி இரு பொருளையும் தாங்குகின்றது. ஆகவே 'செல்வோம்' என்னும் வினை மட்டும் வருமிடத்தில் கேட்பவன் உள்ளிருக்கின்றானா, புறத்திருக்கின்றானா என்பது தெரியாது. (இக்கட்டுரையில் எம்மைக் குறிக்க 'யாம்' என்கின்றோம். படிப்பாரை அவர்தம் இசைவின்றி எம் கருத்துக்கு உடன்படுத்தாத சொல் அதுவே.)

எனவே பலஸ்தீனக் கவிதையைத் தமிழாக்குவோன், பன்மை வருமிடந்தோறும், மூலம் கேட்காத ஒரு வினாவுக்கு விடை கூறியே ஆக வேண்டும்: இவ்வரி யாரை நோக்கிச் சொல்லப்படுகின்றது?

இவ்வினா எத்துணை ஆழமுடையது என்பதனை யாம் வாழும் நிலத்தின் பழம்பாட்டே காட்டும். எம்மூராகிய கலசப்பாக்கம் சேயாற்றங்கரையில் உள்ளது. சவ்வாது மலையில் தோன்றிச் செங்கம் வழியாக வரும் இவ்வாற்றினையே மலைபடுகடாம் பாடுகின்றது. அதில் வரும் நவிரம், அண்மையிலுள்ள பருவதமலை என்பது ஆய்வாளர் துணிபு. பெருங்கௌசிகனாரின் 583 அடிகளும் நன்னனிடம் செல்லும் வழியைச் சொல்வன. அவ்வழியில் குறவர் சிற்றூர் ஒன்று வருகின்றது. அங்கே தயங்காது நுழையலாம் எனவும், அவ்வீட்டுக்கு உரியார்போலவே பழகலாம் எனவும் வழிகாட்டும் கூத்தன் கூறுகின்றான். அயலானாகிய கூத்தன் அம்மலையார்க்கு உறவினனாகி விடுகின்றான். நிலம் கையில் இருக்கும் மக்களின் 'நாம்' இத்தகைய அகலம் உடையது. எம் மாணவருள் மலையூர்களிலிருந்து வருவோர் இப்பாட்டைப் படிக்கும்போது தம் தோழரிடம் 'நம் மலை' என்பர். எம்மிடம் 'எங்கள் மலை' என்பர். இலக்கணம் கற்பித்து வந்த வேறுபாடன்று அது.

நிலம் கையை விட்டுப் போனபின் அச்சொல் என்னாகும்? மஹ்மூத் தர்வீஷ் 1941-இல் கலிலேயப் பகுதியின் அல்-பிர்வா என்னும் சிற்றூரில் பிறந்தார். 1948-இல் குடும்பம் லெபனானுக்கு ஓடியது. மறைவாகத் திரும்பி வந்தபோது ஊர் இல்லை. சொந்த நாட்டிலேயே 'இருந்தும் இல்லாதவர்' என்னும் சட்டப் பெயர் அவர்களுக்கு வாய்த்தது. கவிஞர்க்கு இதனினும் கொடிய அணி வேண்டுவதில்லை. 1964-இல் வெளிவந்த 'ஒலிவ இலைகள்' தொகுதியில் அவர்தம் புகழ்பெற்ற 'அடையாள அட்டை' உள்ளது. அரசு அலுவலன் முன் நிற்கும் கல்லுடைக்கும் தொழிலாளி ஒருவன் தன்னைப் பதிவு செய்துகொள்ளுமாறு கூறும் பாட்டு அது. அங்கே பேசுவது 'நான்', கேட்பவன் மறுப்போன். பிற்காலத்தில் அரபு மக்கள் நிறைந்த அவைகளில் அப்பாட்டைப் படிக்குமாறு வேண்டியபோது தர்வீஷ் அதற்கு உடன்படவில்லை. தன்னை மறுத்தவன் முன் சொன்ன சொல்லைத் தன்னவர் முன் முழங்குவதில் பொருளில்லை என்பது அவர் கருத்து. முன்னிலை மாறினால் கவிதையே மாறிவிடும் என்பதை அறிந்த கவிஞர் அவர்.

நாசரேத்து நகரத் தலைவராகவும் விளங்கிய தவ்பீக் ஸையாத் 'இங்கேயே நிலைப்போம்' என்னும் கருத்தில் பாடிய கவிதையில் பேசுவது பன்மை. அது ஆக்கிரமிப்போரை நோக்கிய பேச்சு. ஆதலின் தமிழில் 'நாங்கள்' என்றே வருதல் வேண்டும்; 'நாம்' எனின் பொய்யாகிவிடும். ஒடுக்கப்பட்டோர் பாட்டில் விலக்கும் பன்மை வருதல் குறுகிய மனத்தின் அடையாளம் என்று சிலர் கூறுவர். அஃது ஏலாது. சிறையாளனோடு உளப்பாட்டுப் பன்மையில் பேசக் கைதிக்குக் கடப்பாடு இல்லை.

தொல்லை தொடங்குவது பிறிதோரிடத்தில். பகைவனை நோக்கிக் கூறிய 'நாங்கள்', முன்னிலை மறைந்து, தம் மக்களை நோக்கிய முழக்கமாக மாறும்போது, அதனுள் யார் யார் அடங்குவர் என்பது சொல்லப்படாமலே தீர்மானிக்கப்பட்டு விடுகின்றது. ஓம் ஈறு இதற்குப் பெருந்துணை செய்யும். 1985-இல் வெளிவந்த ஈழத்துக் கவிதைத் தொகுப்பின் பெயர் 'மரணத்துள் வாழ்வோம்'. அதன் கவிதைகளில் மிகச் சிறந்தன பல உள; தமிழ்க் கவிதை வரலாற்றில் அத்தொகுப்புக்கு நிலையான இடம் உண்டு. ஆயினும் அப்பெயரின் வினைமுற்றைக் கருதுக. வாழ்வோர் யாவர்? கேட்போர் அதனுள் உண்டா? சிங்களப் படையினர் இல்லை என்பது தெளிவு. கிழக்கிலும் வடக்கிலும் தமிழ் பேசும் முஸ்லிம்கள் உண்டா? தொகுத்தோர் உண்டு என்றே எண்ணியிருப்பர். சொல் அதனைக் கூறவில்லை.

1990 அக்டோபரில் விடுதலைப் புலிகள் வடமாகாணத்து முஸ்லிம்களை முற்றாக வெளியேற்றினர். வெளியேறினோர் ஏறத்தாழ 75,000 பேர். அக்டோபர் 30 அன்று யாழ்ப்பாண முஸ்லிம்களுக்கு அளிக்கப்பட்ட நேரம் இரண்டு மணி. வீட்டையும் திறவுகோலையும் விட்டுச் செல்லும் மக்கள் என்னும் காட்சியைத் தமிழ் வாசகர் ஒன்பது ஆண்டுகளுக்கு முன் பலஸ்தீனக் கவிதைகளிலே படித்திருந்தனர். படிக்கத் தந்தவர் ஒரு முஸ்லிம் கவிஞர். தம் மொழிபெயர்ப்பால் பிறர் விரித்துக்கொண்ட 'நாம்' என்னும் சொல்லின் புறத்தே அவர்தம் சமூகம் நிறுத்தப்பட்டது. இவ்வெளியேற்றத்தைக் கண்டித்து எழுதிய தமிழ்க் கவிஞரும் உளர்; அதனை மறத்தலாகாது. எனினும் பலஸ்தீனக் கவிதையின் செல்வாக்கைப் பற்றி எழுதும் ஆய்வுகள் பெரும்பாலும் 1985-உடன் நின்றுவிடுவது எமக்கு வியப்பளிக்கின்றது. ஒரு செல்வாக்கினை அதன் வெற்றி நாளில் மட்டும் அளப்பது ஆராய்ச்சி ஆகாது.

நுஃமானின் சொந்தக் கவிதையோ வேறு வழியைக் காட்டியிருந்தது. 1981 மே 31 இரவு தொடங்கிய வன்செயலில் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிக்கப்பட்டது. அழிந்த நூல்கள் ஏறத்தாழ 97,000. அதனை ஒட்டி அவர் இயற்றிய 'புத்தரின் படுகொலை' எல்லாரும் அறிந்தது. கனவில் புத்தர் சுடப்பட்டு நூலகப் படிக்கட்டருகே கிடக்கின்றார். நூல்களோடு அவரும் எரிக்கப்படுகின்றார். அக்கவிதையைப் பன்மைச் சொல் நோக்கி ஒருமுறை படித்துப் பார்க்க. கவிஞன் தன்னைக் குறிப்பது ஒருமையால். தன்மைப் பன்மை வருவது அமைச்சர் வாயிலும் காவலர் வாயிலுமே. இதனைத் தற்செயல் எனத் தள்ளுதல் மொழியியல் வல்ல கவிஞர்க்குச் செய்யும் சிறப்பாகாது. விலக்கும் பன்மையை அரசின் மொழியாக்கி, அழிவின் துயரைப் புத்தரின் உடலில் வைத்ததனால், சிங்கள வாசகனும் நுழையக்கூடிய வாயில் ஒன்று அங்கே திறக்கின்றது. நிலைத்த புகழுக்குக் காரணம் நூலகம் எரிந்த செய்தி மட்டும் அன்று, இவ்வமைப்புமாம்.

பலஸ்தீனரிடமிருந்தே இத்தகைய பாடத்தைப் பெற்றிருக்கலாம். தமிழ் அதனைக் குறைவாகவே பெற்றது. தர்வீஷ் 1967-ஆம் ஆண்டுப் போரை ஒட்டி, வெள்ளை அல்லிகளைக் கனவு காணும் இசுரேலியப் படைவீரன் ஒருவனைப் பாடினார். அவனைப் பேசவும் விட்டார். அதற்காகத் தம்மவராலேயே கடியப்பட்டார். நாவலாசிரியர் கஸ்ஸான் கனஃபானி இன்னும் ஒருபடி சென்றவர். 1936-இல் அக்கா நகரில் பிறந்து, 1972-இல் பெய்ரூத்தில் வண்டியில் வைக்கப்பட்ட குண்டுக்கு இரையான இவரே, 1966-இல் எழுதிய நூலால் 'எதிர்ப்பு இலக்கியம்' என்னும் பெயரை நிலைநாட்டியவர். அப்பெயரைத் தந்தவரே 1969-இல் 'ஹைஃபாவுக்குத் திரும்புதல்' எழுதினார். இருபது ஆண்டுகளுக்குப் பின் தம் வீட்டைக் காண வரும் கணவனும் மனைவியும் அங்கே காண்பது, ஐரோப்பாவில் நாசிகளிடம் உறவினரை இழந்து வந்த யூதப் பெண்ணையும், தாம் விட்டுச்சென்ற மகனை அவள் இசுரேலியப் படைவீரனாக வளர்த்திருப்பதனையும். அம்மகன் எந்தப் பன்மையைச் சேர்ந்தவன்? கனஃபானி போரைக் கைவிடச் சொன்னவர் அல்லர். அக்கதையின் முடிவும் போரையே நாடுகின்றது. ஆயினும் அவ்வீட்டின் கூடத்தில் 'நாங்கள்' என்னும் சொல்லை எவரும் எளிதாகச் சொல்ல இயலாதவாறு செய்துவிட்டார். எதிர்ப்பு இலக்கியம் என்னும் பெயரைத் தமிழ் விரைந்து ஏற்றது. அப்பெயரை இட்டவர் அதனைத் தம் நாவலில் எவ்வாறு சோதித்தார் என்பதனை அத்துணை விரைவாக ஏற்கவில்லை.

2023 அக்டோபருக்குப் பின் காசாவில் நேர்ந்த பேரழிவினால் பலஸ்தீனக் கவிதை மீண்டும் பெருமளவில் தமிழாக்கப்படுகின்றது. முதுகலை மாணவர் ஒருவர் இம்மொழிபெயர்ப்புகளையும் 1981-ஆம் ஆண்டு நூலையும் எதிரெதிர் வைத்து, நாம் வருமிடங்களையும் நாங்கள் வருமிடங்களையும் வினைமுற்று மட்டும் வருமிடங்களையும் தொகுப்பாராயின் பயனுடைய ஆய்வொன்று கிடைக்கும். 2023 டிசம்பரில் வான்தாக்குதலில் கொல்லப்பட்ட காசாப் பேராசிரியர் ரிஃபாத் அல்-அரீர் ஆங்கிலத்திலேயே எழுதிய இறுதிவிருப்பக் கவிதையில் பன்மை இல்லை. இறப்பவன் ஒருவன், வாழ வேண்டியவன் ஒருவன். ஆங்கில முன்னிலைப் பெயர் ஒருமைக்கும் பன்மைக்கும் ஒன்றே ஆதலின், அதனை நீ என்பதா, நீங்கள் என்பதா என்னும் வினா அங்கே மொழிபெயர்ப்போர் முன் நிற்கின்றது.