காற்றும் மணலும் நடித்த படங்கள்

மௌனப்பட காலத்துக் கடற்கரை நகைச்சுவை பெரும்பாலும் ஒன்று அல்லது இரண்டு ரீல் நீளக் குறும்படம். 1910-களில் கலிபோர்னியாவின் வெனிஸ் கடற்கரையும் நியூயார்க்கின் கோனி ஐலண்டும் இதற்குத் திறந்தவெளி அரங்குகளாயின. வெளிச்சத்துக்குச் செலவில்லை, செட் போட வேண்டாம், விழுந்தால் மணல் தாங்கும்.

கடற்கரையே நடிக்கும்போது இப்படங்கள் உயர்கின்றன. சாப்ளினின் ‘பை தி சீ’யில் (1915) இருவர் காற்றுக்குப் பறக்காதிருக்கத் தொப்பிகளைக் கயிற்றால் கட்டியிருக்கிறார்கள். கயிறுகள் சிக்கிக்கொள்ள, பிரிக்கப் போய் அடிதடியாகிறது. சண்டையை மூட்டியது காற்று. அதனால்தான் சிரிப்பில் கசப்பில்லை. ‘தி அட்வெஞ்சரர்’ படத்தில் (1917) தப்பியோடிய கைதி மணலுக்குள்ளிருந்து தலையை நீட்டுகிறான். பக்கத்திலேயே துப்பாக்கியோடு காவலர்! தலை மறுபடி மணலுக்குள் போகிறது.

இந்த வகைச் சிரிப்புக்கு மொழி வேண்டியதில்லை, தமிழ்நாட்டிலும் அது புரியும். 1905-இல் டூபான் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டர் வாங்கி, ஊர் ஊராக டென்ட் அடித்துப் படம் காட்டிய சாமிக்கண்ணு வின்சென்ட், 1914-இல் கோவையில் வெரைட்டி ஹாலைக் கட்டினார். அக்காலத்தில் திரையருகே நின்று கதை சொல்ல ஓர் ஆள் தேவைப்பட்டார். தொப்பிச் சண்டைக்கு அவர் வேண்டியதில்லை. கொங்கு நாட்டில் கடல் இல்லை. ஆனால் பாலக்காட்டுக் கணவாய் வழியே வரும் ஆடிக்காற்றில் தலைத்துண்டைப் பிடித்துக்கொண்டு நடந்தவருக்கும், நொய்யல் மணலில் கால் புதைந்தவருக்கும் அந்த அவஸ்தை புரியும்.

குறைகளும் சிறியவை அல்ல. ‘பை தி சீ’க்குக் கதையென்று ஒன்றில்லை, பெஞ்சு பின்னால் சாய்ந்து எல்லாரும் கவிழ்ந்ததும் படம் முடிகிறது. உதை, வாழைப்பழத் தோல், ஐஸ்கிரீம் வீச்சு ஆகியவற்றை எந்தத் தெருவிலும் எடுத்திருக்கலாம். மாக் சென்னட்டின் கீஸ்டோன் நிறுவனம் குளியலுடைப் பெண்களை வரிசையாக நிறுத்தியது. அவர்களுக்கு நடிக்க ஒன்றுமில்லை, நிற்பதே வேலை. ‘கோனி ஐலண்ட்’ படத்தில் (1917) நடிகர் ஆர்பக்கிளின் பருத்த உடலே கேலிப்பொருள், அவர் மணலில் புதைந்து ஒளிவதோ மனைவியிடமிருந்து. நல்ல உத்தி, மலிவான காரணம். கடல்கூடப் பல படங்களில் வெறும் பின்திரைதான்.

முழுநீளப் படங்கள் வந்தபின் கடற்கரை கதையின் ஓர் அங்கமானது. ஹெரால்ட் லாயிடின் ‘ஸ்பீடி’யில் (1928) கோனி ஐலண்டுக்குப் போவது ஒரு காதல் ஜோடியின் ஞாயிற்றுக்கிழமை உல்லாசம். காதலனின் கோட்டுப் பைக்குள் புகுந்த நண்டு கூட்டத்தில் ஒவ்வொருவராகக் கிள்ள, திட்டு மட்டும் அவனுக்கு.